கடைசிக் காம்பராவில் இருந்தவர்கள்

தம்பிக்கு,

போன வாரம் நீ என்னைப் பதுளைக்கு அழைத்துப்போய் உன் பொறுப்பில் இருக்கிற அந்தப் புதுக் கட்டடத்தைக் காட்டினாய். வெள்ளைச் சுவர், நல்ல கட்டில்கள், சமைக்கத் தனிக் குசினி, பின்னால் துணி காயப்போட வெயில் விழும் இடம். எல்லாவற்றையும் சுற்றிக் காட்டிவிட்டு, "வீட்டுல இருக்க முடியாத பொம்பளைங்க யாரா இருந்தாலும் இங்க வந்து தங்கலாம்மா. ஆனா வர மாட்டேங்கிறாங்க. சில பேர் வாசல் வரைக்கும் வந்துட்டுத் திரும்பிப் போயிடுறாங்க. ஏன்னுதான் தெரியல" என்றாய். நான் கிளம்பலாம் என்று செருப்பைத் தேடினேன். அம்மாவுக்குக் கட்டடம் பிடிக்கவில்லை என்று நீ நினைத்திருப்பாய். அப்படி இல்லை. உன் கேள்விக்கு என்னிடம் ஒரு பதில் இருந்தது. அதை அந்த வராந்தாவில் நின்றபடி சொல்ல முடியாது, போனிலும் சொல்ல முடியாது. அதனால்தான் எழுதுகிறேன்.

நம் பழைய தேயிலைத் தோட்டத்து லயத்தின் கடைசிக் காம்பராவைப் பற்றி உனக்கு அரைகுறையாகத்தான் தெரியும். நீ பண்டாரவளையில் மாமா வீட்டில் தங்கிப் படித்த வருடங்களில் நடந்தது அது. லீவுக்கு வரும்போது, "அந்தப் பக்கம் போகாதே" என்று மட்டும் சொல்லி வைத்திருந்தோம். ஆண்களிடம் முழுதாகச் சொல்வதில்லை என்று பெண்கள் எங்களுக்குள் ஒரு பேச்சு இருந்தது. இப்போது எழுதுவதற்கு முன்னால், அந்தப் பெண்களில் இன்னும் உயிரோடு இருக்கிறவர்கள் எல்லாரிடமும் போய்க் கேட்டேன். யாரும் வேண்டாம் என்று சொல்லவில்லை.

நான் தெமோதரைப் பக்கத்துப் பெண். கல்யாணமாகி நமுனுகுல மலை அடிவாரத்துக்கு வந்தபோது எனக்கு முதலில் பழகாதது அந்தப் பனிமூட்டம்தான். சாயங்காலம் விளக்கு வைக்கிற நேரத்துக்கு மலையிலிருந்து இறங்கி, தேயிலையை மறைத்து, தண்ணீர்ப் பீலியை மறைத்து, முன்திண்ணை இஸ்தோப்பு வரைக்கும் வந்து நிற்கும். உள்ளே வரலாமா என்று கேட்டு நிற்பது போல இருக்கும். ஒரே கூரையின் கீழே ஒட்டி ஒட்டிக் கட்டிய காம்பராக்கள், ஒரு குடும்பத்துக்கு ஒன்று. கடைசி ஒன்று மட்டும் பூட்டிக் கிடந்தது. அதில் ராக்காயி என்று ஒருத்தி இருந்தாள், காய்ச்சலில் செத்துப்போனாள், புருஷன் தோட்டத்தை விட்டே போய்விட்டான் என்று உன் அப்பா சொன்னார். வேறு ஒன்றும் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை.

வந்த சில நாளிலேயே அந்தச் சத்தத்தைக் கேட்டேன். மூட்டம் இறங்கிய பிறகு, பூட்டிக் கிடக்கிற காம்பராவுக்குள்ளிருந்து யாரோ சுவரைத் தட்டினார்கள். பலமாக இல்லை, விரல் மொளியால் தட்டுகிற மாதிரி. கொஞ்சம் நிற்கும், பிறகு திரும்பத் தட்டும். யாராவது பதில் சொல்வார்களா என்று காத்திருந்து தட்டுகிற மாதிரி இருக்கும். அந்த நேரத்தில் லயம் முழுவதும் பேச்சு நின்றுவிடும். அந்தச் சுவருக்கு இந்தப் பக்கம் குடியிருந்த பேச்சியம்மா எழுந்துபோய் ரேடியோச் சத்தத்தைக் கூட்டி வைப்பாள். அவ்வளவுதான். மறுநாள் காலை வேலைக்குப் பேர் கூப்பிடுகிற பெரட்டில் நிற்கும்போது யாரும் அதைப் பற்றிப் பேச மாட்டார்கள்.

நீ பெரியம்மா என்று கூப்பிடுகிற சோமாக்கா அந்தக் காம்பராவுக்கு எப்படிப் போய்ச் சேர்ந்தாள் என்று உனக்குத் தெரியாது. அவளுடைய அப்பா கீழே இருக்கிற சிங்களக் கிராமத்துக்காரர். அம்மா நம் தோட்டத்தில், கோயிலுக்குள்ளே விடாத சாதியில் பிறந்தவள். சின்ன வயதில் வந்த காய்ச்சலில் சோமாக்காவுக்கு இரண்டு காதும் போய்விட்டது. பேச்சு மட்டும் மிஞ்சியது. தன் குரல் தனக்கே கேட்காததால் சத்தமாக, ஏற்ற இறக்கம் இல்லாமல், தமிழும் சிங்களமும் கலந்து பேசுவாள். நம் வாயசைவைப் பார்த்து நாம் சொல்வதைப் பிடித்துக்கொள்வாள். நம் தோட்டத்து ஆள் ஒருவரைக் கட்டியிருந்தாள். நீ படிக்கப் போன பிறகு அவர் செத்ததும் அவருடைய தம்பி காம்பராவை எடுத்துக்கொண்டு இவளை வெளியே விட்டுவிட்டான்.

அவள் போகாத இடம் இல்லை. தோட்டத்துச் சங்கத் தலைவரிடம் போனாள். பேர் பதிந்த ஆளுக்குத்தான் சங்கம் பேசும் என்றார். அவள் கைக்காசுக்குக் கொழுந்து எடுப்பவள், அன்றன்றைக்குக் கூலி வாங்குகிறவள். பேர் பதிய அடையாள அட்டை கேட்டார்கள். அட்டைக்குப் பிறந்த பதிவு வேண்டும், அது அப்பாவின் கிராமத்தில் இருக்கும் என்றார்கள். கிராமத்துக்குப் போனால், "நீ தோட்டத்துத் தமிழச்சி, இங்கே என்ன வேலை" என்றார்கள். சண்டை எங்கேயோ வடக்கில் நடந்தாலும் சந்தேகம் எங்கள் மலை வரைக்கும் ஏறி வந்திருந்த காலம் அது. கோயில் மண்டபத்தில் படுத்துக்கொள்ளலாமா என்று கேட்டதற்கு அம்மாவின் சாதியைச் சொன்னார்கள். மாதர் சங்கக் கூட்டத்தில் போய் உட்கார்ந்தாள். நல்ல மனதுக்காரிகள்தான், ஆனால், "இவளுக்குக் காது கேக்காது, உக்காந்து என்ன புரியப் போவுது" என்று ஓரமாக உட்கார வைத்தார்கள். ஒவ்வொரு இடத்திலும் அவளில் ஒரு துண்டுக்கு மட்டும் இடம் இருந்தது, தம்பி. மீதியை வெளியே வைத்துவிட்டு வா என்றார்கள். காதை வைத்துவிட்டு வருவாளா, அம்மாவை வைத்துவிட்டு வருவாளா?

கடைசியில் கணக்கப்பிள்ளைதான் அந்தச் சாவியைக் கொடுத்தார். "அங்க இருந்துக்க. யாரும் வந்து கேக்க மாட்டாங்க" என்றார். எல்லாரும் கைவிட்டவளுக்கு, எல்லாரும் பயப்படுகிற இடம்.

அவள் ஒரு வாரம் தாங்க மாட்டாள் என்று லயத்தில் பேசிக்கொண்டார்கள். மாதக்கணக்கில் இருந்தாள். நான் அப்போது பிள்ளைக் காம்பராவில் வேலை. அம்மாமார் கொழுந்தெடுக்கப் போனதும் கைக்குழந்தைகளை அங்கேதான் பார்த்துக்கொள்வோம். மிஞ்சிய பாலை ஒரு சாயங்காலம் சோமாக்காவுக்குக் கொண்டுபோனேன். கதவு சாத்தியிருக்கவில்லை. உள்ளே விளக்கில்லை. அவள் பேச்சியம்மா வீட்டுச் சுவரோரமாகக் காலை மடக்கி உட்கார்ந்து, உள்ளங்கையைச் சுவரில் விரித்து வைத்திருந்தாள். தட்டும் சத்தம் எனக்குக் கேட்டது. என் காதுக்கு எட்டும் தூரத்தில், அந்தச் சுவரிலேயே. அது நின்றதும் சோமாக்கா கையை மடக்கித் திருப்பித் தட்டினாள்.

பால் கிண்ணத்தை வாசலிலேயே கீழே வைத்தேன். அவள் என்னைப் பார்த்து, பக்கத்தில் உட்காரச் சொல்லிப் பாயைத் தட்டினாள்.

"பயமா இல்லையா அக்கா?" என்று வாயை நன்றாக அசைத்துக் கேட்டேன்.

"எனக்குக் காதுல கேக்காது நங்கி. கையில கேக்குது" என்றாள். தங்கச்சி என்பதைச் சிங்களத்தில் அப்படித்தான் சொல்வாள். "அவ கூப்புடுறா. நான் இருக்கேன்னு சொல்றேன். வேற ஒண்ணும் கேக்க மாட்டா."

நான் அன்றைக்கு அங்கே உட்காரவில்லை. ஓடி வந்துவிட்டேன். உட்கார்ந்தது தேவிதான். அவளுடைய புருஷன் கசிப்புக் குடித்துவிட்டு அவளை அடிப்பது லயத்துக்கே தெரியும். ஒரு சம்பள நாளன்று அவளை விறகுக் கட்டையோடு விரட்டிக்கொண்டு வந்தான். அவள் கண்மண் தெரியாமல் ஓடி, திறந்திருந்த அந்தக் கதவுக்குள்ளே விழுந்துவிட்டாள். அவன் வாசல் வரைக்கும் வந்தான். பிறகுதான் எந்த வாசல் என்று பார்த்தான் போலிருக்கிறது. மூட்டத்துக்குள்ளே கட்டையைப் பிடித்தபடி நின்றுகொண்டே இருந்தான், ஒரு அடிகூட எடுத்து வைக்கவில்லை. நாங்கள் எல்லாரும் இஸ்தோப்பில் நின்று பார்த்தோம். கொஞ்ச நேரத்தில் கட்டையைக் கீழே போட்டுவிட்டுப் போய்விட்டான்.

அதற்குப் பிறகு ஒவ்வொருத்தியாகப் போக ஆரம்பித்தோம். அடி வாங்கியவள் போனாள். பிள்ளை இல்லை என்று மாமியார் சோறு போடாதவள் போனாள். கிராமத்திலிருந்துகூட ஒரு சிங்களப் பெண் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு வந்தாள். அங்கே போனால் யாரும் எதுவும் கேட்பதில்லை. என்ன நடந்தது, யார் மகள், எந்தச் சாதி ஆள் என்ற கேள்வியே இல்லை. முகத்தைத் திருப்பிக்கொண்டால் சொல்வது சோமாக்காவுக்குத் தெரியப் போவதில்லையே. அதனாலேயே அவளிடம் எல்லாரும் பேசினார்கள். அவள் முகம் பார்க்காத பக்கமாக உட்கார்ந்துகொண்டு, வேறு யாரிடமும் சொல்ல முடியாததை எல்லாம் சொல்லுவார்கள். அவள் முதுகில் கையை வைத்துக்கொண்டிருப்பாள். அழுகை கைக்குத் தெரியும் என்பாள். பயத்தோடுதான் போவோம். சுவர் தட்டப்படும்போது ஒருத்தி கையை ஒருத்தி பிடித்துக்கொள்வோம். ஆனாலும் அந்தப் பயம் வீட்டில் இருக்கிற பயத்தைவிடக் குறைவாகத்தான் இருந்தது.

ஆண்களுக்கு இது பொறுக்கவில்லை. பேயை விரட்டிவிட்டு அந்தக் காம்பராவைப் புதிதாகக் கல்யாணம் கட்டுகிற யாருக்காவது கொடுத்துவிடலாம் என்று தேவியின் புருஷன் பேச்சை எடுத்தான். தலைவரும் தலையாட்டினார். பசறைப் பக்கமிருந்து ஒரு கோடங்கியை ஏற்பாடு செய்தார்கள். உடுக்கடித்துப் பேயோட்டுகிறவர். சோமாக்கா எங்கே போவாள் என்று யாரும் கேட்கவில்லை. எங்களுக்கு மட்டும் ஒன்று விளங்கியது. பேய் போய்விட்டது என்று அறிவித்துவிட்டால் மறுநாள் எந்த ஆம்பளையின் காலும் அந்த வாசலில் தயங்கி நிற்காது, நேரே உள்ளே வரும்.

பீலியில் தண்ணீர் பிடிக்கும்போது தேவியும் சோமாக்காவும் நானும் பேசினோம். "நான் ஆடுறேன்" என்றேன். என் வாயிலிருந்துதான் வந்தது, எனக்கே ஆச்சரியம். சாமி வந்து ஆடுகிற வழக்கம் எங்கள் குடும்பத்தில் கிடையாது. அதனால் நம்புவார்கள் என்று தேவி சொன்னாள். என்ன பேசுவது என்று முடிவு செய்துகொண்டோம். நான் ராக்காயி, இது என் காம்பரா, ஆம்பளை யாரும் கால் வைக்கக்கூடாது. இவ்வளவுதான் பேச்சு. இதற்கு மேல் ஒரு வார்த்தையும் நாங்கள் யோசித்து வைக்கவில்லை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் கோடங்கி வந்தார். பட்டப்பகலில் அன்றைக்கு மூட்டம் இறங்கியிருந்தது. வாசலில் வேப்பிலையும் எலுமிச்சம்பழமும் வைத்து, உடுக்கை அடித்துக்கொண்டே, "யாரு நீ, வந்து பேர் சொல்லு" என்று கேட்க ஆரம்பித்தார். ஆண்கள் தூரமாக நின்றார்கள். நாங்கள் கதவுக்கு முன்னால் உட்கார்ந்திருந்தோம். சரியான நேரம் என்று நான் கொண்டையை அவிழ்த்துவிட்டேன். உடம்பை ஆட்டினேன். வெட்கமாகத்தான் இருந்தது. யோசித்து வைத்ததைச் சொன்னேன். ஜனம் பின்னால் நகர்ந்தது. போதும், நிறுத்திவிடலாம் என்று நினைத்தேன்.

வாய் நிற்கவில்லை தம்பி. நாக்கு வேறு யாருடையதோ போலக் கனத்தது. உடுக்குச் சத்தம் தூரத்தில் போய்விட்டது. அதற்குப் பிறகு நான் பேசியதை மற்றவர்கள் சொல்லித்தான் எனக்குத் தெரியும். பேச்சியம்மாவைப் பார்த்து நின்றேனாம்.

"தட்டுனேன். தட்டித் தட்டி மொளி பிஞ்சிருச்சி. நீ என்னா சொன்ன? ஒன் மகன் அம்மா என்னா சத்தம்னு கேட்டதுக்கு நீ என்னா சொன்ன? அவ மொளகா இடிக்கிறா, நீ தூங்குன்னு சொன்ன. நான் இடிக்கலக்கா. அன்னைக்கு வீட்டுல மொளகாயே இல்ல."

நான் அந்தத் தோட்டத்துக்கு வந்தபோது ராக்காயி செத்து மூன்று வருடம் ஆகியிருந்தது. காய்ச்சல் என்று மட்டும்தான் எனக்குச் சொல்லியிருந்தார்கள். அவள் புருஷன் அடித்தபோதெல்லாம் சுவரைத் தட்டி ஆள் கூப்பிட்டாள் என்பதை ஒருத்தரும் என்னிடம் வாய் திறந்து சொன்னதில்லை. பேச்சியம்மா தன் மகனிடம் சொன்ன வார்த்தை அவளையும் அவனையும் தவிர வேறு யாருக்கும் தெரியாதது. அவன் கொழும்புக்குப் போய்க் கடையில் வேலை செய்துகொண்டிருந்தான்.

பேச்சியம்மா தரையில் உட்கார்ந்துவிட்டாள். "ஆமா, அப்படித்தான் சொன்னேன். அப்படித்தான் சொன்னேன்" என்று அதையே சொல்லிக்கொண்டிருந்தாள். உடுக்கு நின்றுவிட்டது. அந்த அமைதியில்தான் சோமாக்கா எழுந்துபோய்ச் சுவரில் கையை வைத்தாள்.

"இப்பத் தட்டுறா" என்றாள் தன் பெரிய குரலில்.

எங்கள் யாருக்கும் ஒரு சத்தமும் கேட்கவில்லை. மூட்டம் கூரைத் தகரத்திலிருந்து சொட்டுகிற சத்தம் மட்டும்தான். தேவி முதலில் போய்ச் சுவரில் கை வைத்தாள். பிறகு ஒவ்வொருத்தியாக வைத்தோம். கடைசியாகப் பேச்சியம்மாவைத் தூக்கிப் பிடித்துக்கொண்டுபோய் வைக்கச் செய்தோம். சுவர் குளிர்ந்து கிடந்தது. உள்ளே ஏதோ இருந்தது. பிடித்து வைத்த கோழியின் நெஞ்சு கைக்குள்ளே அடித்துக்கொள்ளுமே, அந்த மாதிரி.

கோடங்கி சாமான்களைப் பையில் போட்டுக் கட்டினார். தலைவர் பக்கத்தில் போய், "என்னங்க, பாதியில கெளம்புறீங்க?" என்று கேட்டார்.

"இவ கேட்டது ஒரு கதவ. அது கெடைக்காமத்தான் இங்க இருக்கா. போன்னு சொல்ல எனக்கு வாய் வரலைங்க" என்றார் கோடங்கி. கூலியும் வாங்காமல், மூட்டத்துக்குள்ளே இறங்கிப் போய்விட்டார்.

அதற்குப் பிறகு அந்தக் காம்பராவை யாரும் கேட்கவில்லை. உன் அப்பா ஒருநாள் தகரமும் ஆணியும் கொண்டுவந்து ஒழுகுகிற கூரையை வெளியே நின்றே அடித்துக் கொடுத்தார். உள்ளே எட்டிப் பார்க்கவில்லை. நான் ஆடியது நிஜமா என்று சாகும்வரை அவர் என்னிடம் கேட்கவில்லை. ஆனால் அன்றையிலிருந்து என்னிடம் ஒருநாளும் குரல் உயர்த்தியதில்லை. பயமா மரியாதையா என்று நானும் கேட்டுக்கொள்ளவில்லை. பேச்சியம்மா ரேடியோவை விற்றுவிட்டாள். சாயங்காலமானால் அவளும் வந்து எங்களோடு அந்தச் சுவரோரம் உட்கார்ந்துகொள்வாள்.

இத்தோடு கதை முடிந்திருந்தால் நல்ல கதை என்று விட்டுவிடுவேன். இரண்டாயிரம் பிறந்த பிறகு, நல்ல மழை நாளில், சந்திரா வந்தாள். தோட்டத்துக் கணக்கில் பேர் சந்திரன். ஆண்களோடு சேர்ந்து தேயிலைச் செடியைக் கவ்வாத்து வெட்டுகிற வேலை. சின்ன வயதிலிருந்தே நடையும் பேச்சும் பெண்ணுடையது. நீளமாக வளர்த்த முடியை அண்ணன்மார் பிடித்து வெட்டிவிட்டிருந்தார்கள். கத்தி பட்டுக் காதோரம் ரத்தம். இஸ்தோப்புக்கு வெளியே மழையில் நின்றாள்.

எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். "ஆம்பள கால் வைக்கக்கூடாதுன்னு நீதானே சொன்ன" என்றாள் தேவி. நான் சொன்னதுதான். அதை நம்பித்தான் அத்தனை பேரும் அங்கே நிம்மதியாக மூச்சு விட்டார்கள். ஒரு தடவை மாற்றினால் நாளைக்கு யார் யார் அதைச் சொல்லிக்கொண்டு வருவார்களோ என்று எனக்கும் பயம். நான் நிலைப்படியில் கையை வைத்துக்கொண்டு நின்றேன். வா என்றும் வரவில்லை, போ என்றும் வரவில்லை.

"நான் உள்ள வரல அக்கா. கூரைக்குக் கீழ நனையாம நின்னுட்டுப் போறேன், போதும்" என்றாள் சந்திரா.

சோமாக்காவுக்கு எங்கள் பேச்சு கேட்கவில்லை. முகங்களைத்தான் பார்த்தாள். எழுந்து சுவரில் கையை வைத்தாள். ரொம்ப நேரம் வைத்திருந்தாள். பிறகு, "வரச் சொல்றா" என்றாள். நான் கையை எடுத்தேன். சந்திரா உள்ளே வந்ததும் சோமாக்கா தன் துண்டைக் கொடுத்துத் தலையைத் துவட்டச் சொன்னாள். பேச்சியம்மா தேத்தண்ணி ஊற்றினாள்.

மறுநாள் தனியாக இருக்கும்போது கேட்டேன். "அக்கா, நெசமா அவ சொன்னாளா?"

சோமாக்கா என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். "அன்னைக்கு நீ நெசமா ஆடுனியா, நங்கி?" என்றாள்.

இன்றைக்கும் எனக்குத் தெரியாது.

நீங்கள் இப்போது இதற்கெல்லாம் பேர் வைத்திருக்கிறீர்கள். உன் மேசையில் கிடந்த புத்தகங்களில் பார்த்தேன். பேர் இருப்பது நல்லதுதான். ஆனால் வாசலுக்கு வருகிற பெண் ஒரு பேரோடு மட்டும் வருவதில்லை. சோமாக்கா மாதிரி நாலைந்தைச் சுமந்துகொண்டு வருவாள். நீ ஒன்றை வாங்கிக்கொண்டு மற்றதைக் கீழே வை என்றால் அவள் அத்தனையையும் சுமந்துகொண்டே திரும்பிப் போய்விடுவாள். அன்றைக்கு நீ பின்னால் வந்து சேர்வதற்குள் உன் வாசலில் ஒருவர் என்னிடம் அடையாள அட்டை கேட்டார். இன்னொருவர் யார் அனுப்பினது என்று கேட்டார். உள்ளே உட்கார்ந்திருந்த பிள்ளை என்ன நடந்தது என்று எழுதிக்கொள்ளப் பேனாவோடு காத்திருந்தாள். எல்லாரும் மரியாதையாகத்தான் கேட்டார்கள். எனக்கே திரும்பிப் போய்விடலாம் போல இருந்தது, தம்பி. நான் உன் அம்மா. விதியை வைக்காதே என்று நான் சொல்லவில்லை. நானே ஒரு விதியைச் சொன்னவள்தான். அது யாரைக் காப்பாற்றுவதற்கென்று இருக்கிறதோ அவர்களில் ஒருத்தியே மழையில் நிற்கும்போது கையை எடுக்கத் தெரிந்த ஒருவரை வாசலில் வை.

லயத்தின் பின்மேடு சரியத் தொடங்கியதும் எங்கள் எல்லாரையும் புதுவீடுகளுக்கு மாற்றினார்கள். கடைசி நாளன்று சோமாக்கா அந்தச் சுவரில் கையை வைத்துப் பார்த்துவிட்டு, "போயிட்டா" என்றாள். எங்கே என்று கேட்டேன். தெரியவில்லை என்று தலையாட்டினாள். அதிலிருந்து எந்த வீட்டுக்குப் போனாலும் உட்காருவதற்கு முன்னால் சுவரைத் தொட்டுப் பார்க்கிறாள். நீயும் பார்த்திருப்பாய். வயதாகிவிட்டது, பிடிமானத்துக்குத் தொடுகிறாள் என்று நினைத்திருப்பாய்.

வருகிற திங்கட்கிழமை காலை பஸ்ஸில் அவளை அழைத்துக்கொண்டு பதுளைக்கு வருகிறேன். அவளாகத்தான் கேட்டாள். அடையாள அட்டை இன்னும் அவளுக்குக் கிடைக்கவில்லை, கையில் ஒன்றும் இருக்காது. நீ அன்றைக்கு வாசலுக்கு வராதே. உன் ஆட்களுக்கும் சொல்லி வைக்காதே. அவள் தனியாக உள்ளே வருவாள். யார் என்ன கேட்டாலும் அவளுக்குக் கேட்காது. நான் தெருவுக்கு அந்தப் பக்கம் இருக்கிற தேத்தண்ணிக் கடையில் உட்கார்ந்து உங்கள் கதவையே பார்த்துக்கொண்டிருப்பேன். அவள் வெளியே வந்தால் கூட்டிக்கொண்டு வீட்டுக்குப் போகிறேன். வரவே இல்லையென்றால் நான் மட்டும் சந்தோஷமாகப் பஸ் ஏறிவிடுவேன்.

அம்மா